கறை போன சட்டை

பிப். 11, செவ்வாய்
காலையில் பனி. பத்து மணிக்கெல்லாம் செஞ்சிக் கோட்டைப் பாறை கொதிக்கிறது. போலீஸ் சீரியல், மூன்று நாள் வேலை. பத்தொன்பது வருஷம் இஸ்திரி போட்டு, பட்டன் தைத்து, இதில்தான் முதல் முறையாக 'காஸ்ட்யூம் சூப்பர்வைசர்' என்று தனியாக என் பெயர். சந்தோஷம் வரவேண்டும். வரவில்லை.

ஹீரோவை வயிற்றில் குத்தும் காட்சி. பாதி முடிந்தது, மீதி நாளைக்கு. வெள்ளைச் சட்டையில் ரத்தக்கறை இன்று இருந்த மாதிரியே நாளையும் இருக்கவேண்டும். தைத்தது மூன்று, கிழிந்தது இரண்டு. மிச்சம் இந்த ஒன்று. துவைக்கக் கூடாது, மடிக்கக் கூடாது. வேனில் வைக்கப் பயந்து வீட்டுக்கே எடுத்து வந்துவிட்டேன்.

வீடு அனந்தபுரம். நைனா போய் நாலு மாசம். பைக்கிலிருந்து விழுந்தார். நான் ஜெய்ப்பூர் அவுட்டோரில். வருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. "ஒரு கீறல் இல்ல, தூங்கற மாதிரிதான் இருந்தாரு" என்றாள் அம்மா. இதுவரை எனக்கு அழுகை வரவில்லை. பசி மட்டும் வேளாவேளைக்கு வருகிறது.

வாங்க: ஊக்கு, வெள்ளை நூல், அம்மாவுக்கு சுகர் மாத்திரை.

பிப். 12, புதன்
காலை ஐந்தரை. குளித்துவிட்டு வந்தால் ஹேங்கர் காலி. சட்டை கொல்லைக் கொடியில், பளிச்சென்று. சோப்புத் தூளில் ஊறவைத்து, கல்லில் அடித்து, அலசியும் ஆயிற்று.

"இன்னாம்மா பண்ண?"

"ரத்தம் பட்ட சட்டைய வூட்ல மாட்டி வப்பாங்களாடி?"

"அது கலரும்மா. என் வேலையே போயிடும்."

"எனுக்கு இன்னா தெரியும்? உங்க நைனா சட்டைய நான்தான் துவச்சேன். தோள்லேர்ந்து பாக்கெட் வரிக்கும். மூணு தண்ணி மாத்துனேன், போவல."

"ஒரு கீறல் இல்லன்னு சொன்ன?"

"எங்கியோ இருக்கற புள்ளைக்கு வேற இன்னா சொல்றது?"

"எந்தத் தோளு?" என்று கேட்டேன். வேலைப் புத்தி. அம்மா ஈரச் சட்டையின் இடது தோளைத் தொட்டுக் காட்டினாள். கேட்டதற்கு வெட்கமாக இருந்தது.

ஷேர் ஆட்டோ. மடியில் ஈரச் சட்டை. யாரோ நெல் விலை பேசிக்கொண்டு வந்தார்கள்.

இப்போது பகல் பதினொன்று, கோட்டைக்குள் கல்யாண மகால் படியில் உட்கார்ந்து எழுதுகிறேன். காலையில் வந்ததும் ஹேர் டிரையரில் சட்டையைக் காய வைத்து, நேற்றைய போட்டோவை முன்னால் வைத்துக்கொண்டு கறை வைத்தேன். சிவப்புச் சாயம், ஓரம் காய்ந்தது போலத் தெரியக் காபி டிகாக்‌ஷன். கை தானாக ஓடியது. ஒன்பது மணிக்கு ஹீரோ போட்டுக்கொண்டு நின்றார். மானிட்டரைப் பார்த்த டைரக்டர் என்னைக் கூப்பிட்டார்.

"வயிறு கரெக்ட்டுக்கா. இடது தோள்ல எதுக்கு ரத்தம்? அங்க குத்தவே இல்லையே."

பார்த்தேன். தோளிலிருந்து பாக்கெட் வரை. நான் வைத்ததுதான். வைத்தது ஞாபகமே இல்லை.

அசிஸ்டன்ட் தேவி ஈரத்துணியோடு ஓடி வந்தாள். "துடைக்காத" என்று கத்திவிட்டேன். யூனிட்டே திரும்பிப் பார்த்தது. அப்புறம் அழுகை, அத்தனை பேர் முன்னால், நைனா நைனா என்று.

யாரும் திட்டவில்லை. ஷாட்டை மதியத்துக்குத் தள்ளிவிட்டார்கள். சட்டை என்னிடம். தேவி இரண்டு தடவை வந்து கேட்டுவிட்டுப் போனாள். நானே துடைக்கிறேன் என்று சொல்லியிருக்கிறேன். இன்னும் துடைக்கவில்லை.