கண்ணாடிக்கு அடியில் மூன்று பொத்தான்கள்

ஜனவரி 9, வியாழன்

பனி. பஸ்ஸின் முன்கண்ணாடியைச் சுரண்டியே கை மரத்துவிட்டது. பள்ளிக்கூடப் பிள்ளைகளை இறக்கிவிட்டு வீட்டுக்கு வந்தால் பூட்டுக்காரர் வாசலில் காத்திருந்தார். முன்கதவு, பின்கதவு இரண்டுக்கும் புதுப் பூட்டு. கோரின் சோபாவில் போர்வைக்குள் சுருண்டு உட்கார்ந்து சூப் குடித்துக்கொண்டிருந்தாள். கிறிஸ்துமஸுக்கு மறுநாள் அவள் புருஷன் டரெல் உடைத்த பற்களுக்கு இன்னும் பல் டாக்டர் வேலை முடியவில்லை. கண்ணைச் சுற்றியிருந்த கறுப்பு இப்போது மஞ்சளாகியிருக்கிறது. என் ஒரே பெண்.

அவன் அவள் பக்கமே வரக்கூடாது என்று கோர்ட் உத்தரவு போட்டாயிற்று. வீட்டோடு ஒட்டிய என் கராஜின் மோட்டார் கதவுக்கு ஒரு ரிமோட் அவனிடம் இருந்தது. அதையும் நல்ல பிள்ளை மாதிரி போலீஸ்காரர் கையில் கொடுத்தனுப்பியிருக்கிறான். இனி அவன் உள்ளே வர வழியே இல்லை என்றார் போலீஸ்காரர்.

அவனுக்கு என் கையால் ஒன்று வைக்கவில்லையே என்றுதான் ஆத்திரம்.

ஜனவரி 14

 தூக்கம் வரவில்லை, எழுதுகிறேன்.

மாலை ட்ரிப் முடித்து வந்தேன். கராஜ் கதவு திறந்து கிடந்தது. உள்ளே அவன் டிரக். பூட்டு மாற்றிய வீட்டுக்குள் எப்படி — ஒரு நிமிடம் புத்தி ஓடவில்லை. பிறகு சமையலறையிலிருந்து சத்தம். கராஜிலிருந்து சமையலறைக்குப் போகும் சின்னக் கதவை நான் பூட்டுவதே இல்லை. இந்தத் தெருவில் யாருமே பூட்டுவதில்லை. பெரிய கதவு இறங்கியிருந்தால் வீடு பூட்டியிருக்கிறது என்றுதான் எல்லாருக்கும் எண்ணம்.

அவள் தலைமுடியைக் கொத்தாகப் பிடித்து ஃபிரிட்ஜ் கதவில் மோதிக்கொண்டிருந்தான். நிதானமாக. கத்தக்கூட இல்லை. "வீட்டுக்குப் போலாமா, வேண்டாமா? வீட்டுக்குப் போலாமா, வேண்டாமா?" ஒவ்வொரு கேள்விக்கும் ஒரு இடி.

கராஜ் சுவரில் மாட்டியிருந்த பனி அள்ளும் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு போனேன். முதுகில் ஒன்று. திரும்பினான். தோளில் ஒன்று.

"ரோவீனா, புருஷன் பொண்டாட்டி விஷயத்துல நீ தலையிடாதே."

முன்பெல்லாம் அம்மா என்பான். மூன்றாவதை முழங்காலில் போட்டேன். நொண்டிக்கொண்டே போய் டிரக்கில் ஏறினான்.

போலீஸ் வந்தது. "பூட்டு எதுவும் உடையலையே மேடம். யாராவது திறந்து விட்டாங்களா?" என்று கோரினைப் பார்த்தார் அந்த ஆள். அவள் இல்லை இல்லை என்று தலையை ஆட்டிக்கொண்டே இருந்தாள். காதிலிருந்து ரத்தம் வழிந்துகொண்டிருந்தது. அவளைப் பார்த்துக் கேட்கிற கேள்வியா அது?

ஜனவரி 15

எதிர்வீட்டு வெர்னன் வந்தார். ஓய்வு பெற்ற இன்ஷூரன்ஸ்காரர். தெருவில் யார் வீட்டுக் குழாய் ஒழுகினாலும் மூக்கை நுழைப்பவர்.

"ரிமோட்டை வாங்கி வச்சு என்ன புண்ணியம் ரோவீனா? அவன் டிரக்கே ஒரு ரிமோட்டுதான். உள்ளே பின்னால பார்க்கற கண்ணாடிக்கு அடியில மூணு பொத்தான் இருக்குமில்ல? அதுல ஒண்ணு உன் கதவு."

எனக்குத் தெரியாததா? நல்லவனாக இருந்த காலத்தில் இந்த மோட்டாரைக் கூரையில் மாட்டியதே அவன்தான். ஏணியில் நின்றுகொண்டு, "இப்போ என் வண்டியில அமுக்குங்கம்மா" என்றான். டிரக்கில் உட்கார்ந்து அமுக்கியவள் நான். வேலை முடிந்ததும் செர்ரிப்பழக் கேக் வேறு செய்து போட்டேன்.

வெர்னன் கீழே நின்று ஏணியைப் பிடித்துக்கொள்ள நான் ஏறினேன். மோட்டாரின் முதுகில் ஒரு மஞ்சள் பொத்தான். லேசாகத் தட்டினால் பக்கத்தில் சின்ன விளக்கு எரியும். அது அணைவதற்குள் காரில் இருக்கும் பொத்தானை அமுக்கினால் மோட்டார் அந்தக் காரைத் தெரிந்துகொள்ளும். விளக்கு சாகும்வரை அழுத்திப் பிடித்தால் தெரிந்த எல்லாரையும் மறந்துவிடும். அழுத்திப் பிடித்தேன். அவன் குரல்வளையைப் பிடித்த மாதிரி பிடித்தேன் என்று எழுதினால் தப்பா? அப்படித்தான் பிடித்தேன்.

பிறகு என் கார், கோரின் கார் இரண்டுக்கும் புதிதாகச் சொல்லிக்கொடுத்தோம்.

"அமுக்குடி."

"அமுக்கிட்டேம்மா."

"அழுத்தி அமுக்கு. பூனையைத் தடவற மாதிரி தடவாதே."

கதவு ஏறியது. வாயைக் கையால் மூடிக்கொண்டு சிரித்தாள். இந்த வருஷத்தில் அவள் சிரித்து இன்றுதான் பார்க்கிறேன். சமையலறைக் கதவுக்கும் தாழ்ப்பாள் போட்டாயிற்று.

ஜனவரி 22

போலீஸ் பிடித்துப்போனவன் ஒரே வாரத்தில் ஜாமீனில் வந்துவிட்டானாம். 

பிப்ரவரி 3

கோரின் குளியலறையில் நெடுநேரம் இருக்கிறாள். குழாய் ஓடுகிறது, குளிக்கும் சத்தம் இல்லை. கதவருகே போய் நின்றேன். பேச்சுக்குரல். கேட்டால், "ஃப்ரெண்டும்மா" என்கிறாள். எந்த ஃப்ரெண்டு? கல்யாணம் ஆனதும் ஒவ்வொருவராக எல்லாரையும் வெட்டிவிட்டானே அவன்.

கேட்கவில்லை. எந்த ஃப்ரெண்டு என்று கேட்டிருக்க வேண்டும்.

பிப்ரவரி 11

சாலையெல்லாம் கண்ணாடிபோல் உறைந்துவிட்டதால் பள்ளியை மதியமே மூடிவிட்டார்கள். சீக்கிரம் வீடு திரும்பினேன். தெருமுனையில் திரும்பும்போது என் கராஜிலிருந்து டரெலின் டிரக் பின்பக்கமாக வெளியே வந்துகொண்டிருந்தது. தெருவில் இறங்கி நின்றது. என் கதவு தானாகக் கீழே இறங்கியது. என்னைப் பார்த்தான். ஸ்டியரிங்கிலிருந்து இரண்டு விரலைத் தூக்கிக் காட்டிவிட்டுப் போனான்.

எல்லாவற்றையும் அழித்த மோட்டார். அவன் பொத்தானுக்கு அது எப்படி இறங்கும்? ஒரே வழிதான். டிரக் கராஜுக்கு முன்னால் நிற்க வேண்டும். அதே நேரம் என் வீட்டுக்குள்ளிருந்து ஒருத்தர் ஏணியில் ஏறி அந்த மஞ்சள் பொத்தானைத் தட்ட வேண்டும்.

ஏணி நடு கராஜில் விரித்தபடியே இருந்தது. கோரின் சமையலறையில் இரண்டு காபிக் கோப்பைகளைக் கழுவிக்கொண்டிருந்தாள்.

"யாருடி ஏணியில ஏறினது?"

"அவன் அழுதாம்மா."

"ஏறினது யாருன்னு கேட்டேன்."

"குளிர்ல வெளிய நின்னு அழுதாம்மா. டாக்டர்கிட்ட போறானாம், குடிய விட்டுட்டானாம். தெருவுல நின்னா வெர்னன் போலீஸைக் கூப்பிட்டுடுவாரு. நீ பஸ்ஸுல இருக்கற நேரம் வந்து பேசிட்டுப் போறேன்னான். பேசத்தாம்மா."

அறைந்தேன்.

யோசிக்கவில்லை. கை போய்விட்டது. டாக்டர் கட்டிய புதுப் பல் இருக்கும் பக்கமா, மற்ற பக்கமா என்றுகூடப் பார்க்கவில்லை. அந்தப் பக்கம்தான். தொட்டியில் ரத்தம் துப்பினாள். அழவில்லை. துண்டால் வாயை ஒற்றிக்கொண்டு என்னைப் பார்த்தாள்.

"அவன்கூட சொல்லிட்டுத்தாம்மா அடிப்பான்."

பையை எடுத்துக்கொண்டு தன் காரில் ஏறிப் போய்விட்டாள். எங்கே போயிருப்பாள் என்று கேட்கத் தேவையில்லை. நான் ஏணியில் ஏறி விளக்கு சாகும்வரை அழுத்தினேன். அவனும் வேண்டாம், அவளும் வேண்டாம். என் காருக்கு மட்டும் சொல்லிக்கொடுத்தேன். தனியாளாக ஏணியில் ஏறி, விளக்கு அணைவதற்குள் இறங்கி ஓடி.

பிப்ரவரி 12

வலது உள்ளங்கை விண்விண் என்கிறது.

பிப்ரவரி 20

ஃபோன் எடுக்கவில்லை. இந்த வாரம் முழுவதும் இதே கதை.

அவள் காருக்கு இப்போது என் கதவு திறக்காது. அதை ஒரு வரி எழுதி அனுப்பலாம். அனுப்பினால் என்ன சொல்வதாக ஆகும்? போ, வராதே என்று சொல்வதாக ஆகும். இல்லை, வா, வந்து மறுபடி சொல்லிக்கொடு என்று கெஞ்சுவதாக ஆகும். இரண்டும் என்னால் முடியாது. அவளே கேட்கட்டும். எனக்கென்ன வீம்பு இல்லையா?

மார்ச் 3, திங்கள் — ஆஸ்பத்திரி

கைக்கட்டுக்கு வெளியே நீட்டியிருக்கும் விரல்களால் எழுதுகிறேன். நேற்று ஞாயிறு. மதியச் சாப்பாட்டுக்கு மாட்டிறைச்சியை ஓவனில் வைத்திருந்தேன். அப்போதுதான் வெளியே எடுத்து, கொழுப்பு கொதிக்கக் கொதிக்கத் தட்டோடு அடுப்புமேல் வைத்தேன். டயர் கிறீச்சிடும் சத்தம். ஜன்னலில் பார்த்தால் கோரினின் கார் என் வாசல் பாதையில் பறந்து வந்து கராஜ் கதவுக்கு முன்னால் நின்றது. அவள் கை மேலே கண்ணாடிக்குப் போனது. அமுக்கினாள். கதவைப் பார்த்தாள். மறுபடி அமுக்கினாள். மறுபடி. மறுபடி. கட்டைவிரலால் குத்திக்கொண்டே இருந்தாள்.

நான் நகர்வதற்குள் டிரக் வந்து மோதியது. கார் கதவுக்குள் புதைந்தது. பின்னால் எடுத்து மறுபடி மோதினான். வீடே ஆடியது. சமையலறை வழியாகக் கராஜுக்குள் ஓடினேன். கதவு உள்பக்கமாக மடங்கி இரும்பெல்லாம் நெளிந்து கிடந்தது. சுவர் ஸ்விட்சை அமுக்கினேன், மோட்டார் உறுமியது, கதவு அசையவில்லை. அந்தப் பக்கம் அவள் என்னைக் கூப்பிடுவது கேட்டது. கதவின் நெளிவு வழியாக அவள் காரின் ஒரு விளக்கு எரிந்துகொண்டிருப்பது தெரிந்தது. கையெட்டும் தூரம்.

திரும்பி ஓடினேன். அடுப்புமேல் இருந்த தட்டைத் துணியில்லாமல் இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டு முன்வாசல் வழியாக வெளியே போனேன். அவன் கார் ஜன்னலை வீல் ஸ்பேனரால் உடைத்து முடித்திருந்தான். உடம்பை இடுப்புவரை உள்ளே விட்டு அவளை இழுத்துக்கொண்டிருந்தான். அந்தக் கழுத்திலும் முதுகிலும் கொதிக்கிற கொழுப்பைக் கவிழ்த்தேன்.

அவன் அலறியது எனக்குப் பிடித்திருந்தது. மறைப்பானேன்? பனியில் விழுந்து புரண்டவனைக் காலித் தட்டால் அடித்தேன். முகத்தில், கையில், எங்கே பட்டதோ அங்கே. வெர்னன் பின்னாலிருந்து என்னைக் கட்டிப்பிடித்துத் தூக்கினார்.

"போதும் ரோவீனா. கீழே கிடக்கான். போதும்."

போதவில்லை. இப்போதுகூட.

தீயணைப்புக்காரர்கள் காரை அறுத்து அவளை எடுத்தார்கள். இடுப்பெலும்பு, காலரெலும்பு, இடது முழங்கை. ஸ்ட்ரெச்சரில் படுக்கவைத்தபோது கண்ணைத் திறந்து என்னைத் தேடினாள்.

"கதவு திறக்கலம்மா," என்றாள்.

மார்ச் 9

இரண்டாவது ஆப்பரேஷன் முடிந்து இன்றுதான் தெளிவாகப் பேசினாள். முதலில் கேட்டது அதைத்தான். "ஏம்மா திறக்கல? பேட்டரி போச்சா?"

ஆமாம் என்றிருக்கலாம். நாக்கு நுனிவரை வந்தது.

"நான்தான் அழிச்சேன். நீ போன அன்னிக்கே."

"எனக்குமா?"

"எல்லாருக்கும்."

உடம்பு திரும்பாது, கட்டுப் போட்டிருக்கிறது. முகத்தை மட்டும் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள். என் இரண்டு கையிலும் தீக்காயத்துக்குக் கட்டு. அவளைத் தொடக்கூட முடியவில்லை. உட்கார்ந்திருந்தேன். நர்ஸ் வந்து நேரமாயிற்று என்றாள்.

ஏப்ரல் 4

புதுக் கராஜ் கதவு மாட்டினார்கள். மாட்டியவன், "எத்தனை வண்டிக்கு செட் பண்ணணும்?" என்றான். ஒன்று என்றேன். அவன் போன பிறகு கராஜில் உட்கார்ந்து அழுதேன். பாவி, நான் பாவி.

ஜூன் 19

டரெல் குற்றத்தை ஒப்புக்கொண்டுவிட்டான். பல வருஷம் உள்ளே. அவன் கழுத்தின் பின்பக்கம் சுருங்கி வழவழவென்று இருந்தது. கோர்ட்டில் அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். என்மேல் வழக்கு போடவில்லை.

தண்டனைக்கு முன் கோரின் கைத்தடியோடு நடந்து வந்து நீதிபதியிடம் நடந்ததைச் சொன்னாள். ஏணியில் ஏறியதையும் சொன்னாள், கூட்டவோ குறைக்கவோ இல்லை. நான் அறைந்ததை அரசு வக்கீல் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை. முடிந்ததும் என்னோடு வராமல், மறுபடி சேர்ந்துகொண்ட பழைய தோழி ஒருத்தியின் காரில் ஏறினாள்.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

சாண்டஸ்கி என்ற ஊரில் சின்ன வீடு வாடகைக்கு எடுத்திருக்கிறாள். கூப்பிட்டாள். அவளாகவே கூப்பிட்டாள். போனேன். தக்காளிச் செடி வைத்திருக்கிறாள், பழைய பச்சைக் கார் ஒன்று வாங்கியிருக்கிறாள். சோளம் அவித்துச் சாப்பிட்டோம். நொண்டல் குறைந்திருக்கிறது.

கராஜைக் காட்டினாள். கூரையில் மோட்டார். எனக்கு வாய் நிற்குமா?

"ஏணி எங்கடி இருக்கு? நான் ஏறறேன். என் வண்டிக்கும் ஒரு தடவை சொல்லிக்கொடுத்துடலாம். அவசரம்னா நான் வரணுமில்ல."

கையிலிருந்த சோளக் கட்டையைக் குப்பைத் தொட்டியில் போட்டாள்.

"வேண்டாம்மா. என் கார் மட்டும் போதும்."

"நான் உன் அம்மாடி."

"தெரியும்மா. வந்தா பெல் அடி. நான் வந்து திறக்கறேன்."

சுர்ரென்று ஏறியது எனக்கு. அவள் கண் என் முகத்துக்கு வரவில்லை. என் வலது கையைப் பார்த்துக்கொண்டிருந்தது. கையைப் பின்னால் கட்டிக்கொண்டேன். சரி என்றேன்.

ஆகஸ்ட் 24, ஞாயிறு

போனேன். காரைத் தெருவிலேயே நிறுத்திவிட்டு நடந்து போய் பெல் அடித்தேன். உள்ளே கைத்தடிச் சத்தம். ஜன்னல் திரை கொஞ்சம் விலகியது, யார் என்று பார்த்தாள். படியிறங்கிக் கொஞ்சம் பின்னால் தள்ளி, அவளுக்கு நன்றாகத் தெரிகிற இடத்தில் நின்றேன். திரை மூடியது. காத்திருந்தேன். மேல் தாழ்ப்பாளை எடுத்தாள், பிறகு கீழ்த் தாழ்ப்பாளை.

"உள்ள வாம்மா," என்றாள்.