ஒரு கையெழுத்து குறைந்தது

1863 டிசம்பர் 28, டென்னசி

மழை. ரொட்டியில் மறுபடி புழு. கர்னல் கூப்பிட்டு அனுப்பினார். எங்கள் ஆட்கள் படையில் இருக்க ஒப்புக்கொண்ட மூன்று வருஷக் கெடு கோடையில் முடிகிறது. இப்போதே மறுபடி கையெழுத்துப் போடவைக்க வேண்டுமாம். நாலில் மூன்று பேர் போட்டால் எங்கள் படைப்பிரிவு, இந்தக் கம்பெனி, கலையாது; சேர்ந்தே ஒரு மாதம் லீவில் ஊருக்கு, ஒஹையோவுக்கு, போய்வரலாம். குறைந்தால், போட்டவர்களை முன்பின் தெரியாத படையில் தள்ளிவிடுவார்கள்.

"எல்லாம் உன் ஊர்க்காரங்கதானேய்யா, நீ சொன்னா கேப்பாங்க" என்றார்.

நான் குதிரைச் சேணம் தைத்துக்கொண்டிருந்தவன். சர்ச் வாசலில் கை தூக்கி என்னைக் கேப்டன் ஆக்கினார்கள். தூக்கிய கைகளில் பாதி இப்போது மண்ணுக்குள். மிச்சப் பேரிடம் எந்த முகத்தோடு கேட்பது?

டிசம்பர் 30

வீட்டிலிருந்து என் மனைவி லவினியா எழுதியிருக்கிறாள்: "மூணு வருஷம்னுதானே சொல்லிட்டுப் போனீங்க?"

கம்பெனி கலைந்தால் கேப்டனுக்கு வேலை இல்லை. மரியாதையாக வீடு போகலாம். ஒருத்தனும் போடக்கூடாது என்று மனம் வேண்டிக்கொள்கிறது. சீ.

1864 ஜனவரி 1

பேசினேன். பேச்சா அது? உளறல். வண்டிக்கார ஜோயல் நடுவில் எழுந்தான். "ஏ ஹோசியா, நீ ஆபீசர். வெறுத்துப் போனா ராஜினாமா எழுதிக் குடுத்துட்டுக் கிளம்பிடுவ. நாங்க கிளம்பினா சுட்டுல்ல போடுவாங்க!"

எல்லோரும் சிரித்தார்கள். எனக்குச் சுருக்கென்றது.

"நீங்க இருக்கிற வரைக்கும் நானும் இருப்பேன்" என்றேன். யார் சொல்லச் சொன்னது? வாய் முந்திக்கொண்டது.

ஜனவரி 3

வரிசையாக வந்து போட்டார்கள். ஜோயல்தான் முதலில்! இன்னும் ஒரே ஒருவன் போட்டால் போதும். மீதிப் பேரில் அசைந்து கொடுக்கக்கூடியவன் ஆமோஸ் மட்டும்தான். அவன் அண்ணன் ஏலி செப்டம்பரில் நான் நிற்கச் சொன்ன இடத்தில் நின்று செத்தான். "உன்னாலதான்டா எங்க லீவு நிக்குது" என்று ஆளாளுக்கு அவனைப் பிய்க்கிறார்கள். நாளை கடைசி நாள்.

ஜனவரி 4

ஆமோஸ் என் கூடாரத்துக்கு வந்தான். "நீங்க சொல்லுங்கண்ணே, போட்டுடறேன்."

தலையசைத்தால் போதும்.

"உங்கம்மாவுக்கு மிச்சம் நீ ஒருத்தன்தான். போடாதடா."

போய்விட்டான். அவனுக்காகத்தான் சொன்னேனா? இல்ல, நான் வீட்டுக்குப் போகணும்னா? தெரியல. சத்தியமா தெரியல.

ஜனவரி 5

கர்னல் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "சாமர்த்தியசாலிய்யா நீ. கெடு முடிஞ்சதும் மூட்டையக் கட்டு."

என்னை நம்பிப் போட்டவர்கள் மாட்டிக்கொண்டார்கள். எனக்கு விடுதலை. ஜோயல் எதிரே வந்தான். ஒரு கேலி இல்லை. கேலி செய்திருக்கலாம்.

ஜூன் 2, ஜார்ஜியா

ஊர் போகிறவர்களுக்கு ரயில் வந்து நின்றது. ஆமோஸ் ஏறி எனக்கும் இடம் பிடித்து வைத்திருந்தான். போட்டவர்கள் புதுப் படைக்கு நடக்க வரிசையில் நின்றார்கள். ஒருவரும் என் பக்கம் திரும்பவில்லை.

தோளில் தைத்திருந்த கேப்டன் பட்டையைப் பிரித்தேன் — சேணம் தைத்த கை, எவ்வளவு நேரம் பிடிக்கும்? சாதாரணச் சிப்பாயாகக் கையெழுத்துப் போட்டுவிட்டு வரிசையின் கடைசியில் போய் நின்றேன். ரயில் போய்விட்டது. லவினியா, என்னை மன்னித்துவிடு.

அக்டோபர் 9

ஜோயல் இப்போது சார்ஜன்ட். "ஏ ஹோசியா, கேப்டன் கனவு கண்டது போதும், தண்ணி மோந்துட்டு வா!" மோந்து வந்தேன். நாளை மறுபடி நடை.

லவினியாவின் கடிதம் வந்தது. ஆமோஸ் வந்து நம் நிலத்தைக் கோதுமைக்கு உழுது கொடுத்தானாம். சாப்பிடக் கூப்பிட்டும் உள்ளே வரவில்லையாம். எப்போது வருவீர்கள் என்று இந்தத் தடவை அவள் கேட்கவில்லை.