ஆளில்லாமல் போன கப்பல்

அண்ணை,

நேற்று பாரிஸுக்கு வெளியே பொண்டியில் உங்கள் வீட்டுக்குப் போயிருந்தேன். உங்கள் மனைவி உங்கள் நீலக் கம்பளிச் சட்டையை ஒரு பையில் போட்டுத் தந்தார். லாச்சப்பலில் என் அறைக்கு வந்து சேர்ந்துதான் பையைத் திறந்தேன். டீசல் வாடை, பூச்சி உருண்டை வாடை, பிறகு உப்பு வாடை. எத்தனை தரம் துவைத்திருப்பார், அந்த உப்பு இன்னும் போகவில்லை. நீங்கள் கண்ணை மூடி ஒரு மாதம் ஆகிறது.

புதுச்சேரியில் பிறந்து பிரெஞ்சுக் கடற்படையில் இயந்திர அறையில் வெந்தவர் நீங்கள். யாழ்ப்பாணத்தில் புத்தகம் படித்து, பாரிஸில் கோப்பை கழுவுகிறவன் நான். ஸ்டாலின்கிராட் மெத்ரோ நிலையத்துக்குப் பக்கத்துத் தேநீர்க்கடையில்தான் பழகினோம். எனக்கு நீங்கள் அண்ணை; உங்களுக்கு நான் ‘முசே’, பிரெஞ்சில் ஐயா. படை ஓய்வூதியம் வாங்கும் எல்லோரையும் உங்கள் ஊரில் ‘சொல்தா’ என்பார்கள். உங்களுக்கு அது பிடிக்காது. “தரையில நடக்கிறவன்தான் சொல்தா. நான் கப்பக்காரன்,” என்பீர்கள்.

அதுவும் மீட்பு இழுவைக் கப்பல். ஒரே வரைபடத்தில் கட்டிய சில கப்பல்களில் ஒன்று, சிறிய உடம்பு, பெரிய இயந்திரம், பின்பக்கம் தடித்த வடம். புயல் எச்சரிக்கை வந்தால் மற்றக் கப்பல்கள் துறைமுகத்துக்குள் ஓடி வரும். உங்களுடையது அப்போதுதான் வெளியே போகும். இயந்திரம் நின்று பாறையை நோக்கி மிதக்கும் கப்பலுக்கு வடம் கொடுத்து இழுத்து வரும்.

“கடற்படை எண்டு சொல்லுறியள், ஒருத்தனையும் சுடயில்லையே அண்ணை?”

“அதான் முசே, எங்களுக்குச் சிலை கிடையாது.”

போன இலையுதிர்காலத்தில் பழைய தோழர் ஒருவர் தொலைபேசியில் செய்தி சொன்னார். உங்கள் கப்பலைக் கடலுக்கு இழுத்துப் போய், பீரங்கிப் பயிற்சிக்குக் குறியாக நிறுத்திச் சுட்டு மூழ்கடிக்கப் போகிறார்கள். மற்றக் கப்பல்களை மூழ்காமல் காத்ததற்கு ஓர் அரசு இதைவிடச் சிக்கனமாக நன்றி சொல்ல முடியாது. நீங்கள் வழியனுப்பப் போவதாகச் சொன்னீர்கள்.

“ரயில்ல ஏறவே கூடாதுன்னு டாக்டர் சொல்லியிருக்காரு. நெஞ்சு தாங்காது. நீங்களாவது சொல்லுங்க முசே,” என்று உங்கள் மனைவி என்னிடம் கேட்டார். சொன்னேன்.

“அண்ணை, சாகப்போற கப்பலைப் பார்க்க, சாகக்கிடக்கிற மனுசன் போறது கொஞ்சம் அதிகமெல்லோ?”

“அதுக்கு நான் இருக்கேன். எனக்கு நீங்க இருக்கீங்க. கிளம்புங்க.”

ரயிலில் போய் இறங்கினால், பிரெஸ்ட் துறைமுகத்தில் மூடுபனி. கடல் எந்தப் பக்கம் என்பதையே நீங்கள்தான் காட்ட வேண்டியிருந்தது. துறைமுக வாயிலில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றோம். வெள்ளையைத் தவிர ஒன்றும் தெரியவில்லை. பிறகு ஒரு கப்பலின் சங்கு கேட்டது. ஒரு நீளம், இரண்டு குறுக்கம்.

“அது இழுக்கிறவன். பனியில இழுத்துட்டுப் போறேன்னு சொல்றான். பின்னால வர்ற கப்பல் உடனே பதில் கொடுக்கணும். ஒரு நீளம், மூணு குறுக்கம்.”

பதில் வரவில்லை.

“என்னண்ணை, சங்கு பழுதோ?”

“ஆள் இருந்தாத்தான் பதில். ஆளில்லைன்னா பேசாமத்தான் போகணும். அதான் சட்டம்.”

அப்போதுதான் உங்கள் முகத்தைப் பார்த்தேன். அது குண்டுபட்டு மூழ்குவதைக்கூட நீங்கள் பொறுத்திருப்பீர்கள். அது பதில் சொல்லாமல் போவதைத்தான் உங்களால் பொறுக்க முடியவில்லை.

மறுபடி சங்கு ஊதியது. நீங்கள் இரண்டு கைகளையும் வாயில் குவித்துக் குரல் கொடுத்தீர்கள். ஒரு நீளம். ஒரு குறுக்கம். இன்னொன்று. மூன்றாவதற்குப் பதில் இருமல் வந்தது. கம்பியில் சாய்ந்துவிட்டீர்கள்.

விசா இல்லாத பயத்தில் மெத்ரோவில் தும்மக்கூட யோசிக்கிறவன் நான். மூன்றாவதை நான் கொடுத்தேன். தூண்டில் போட்டுக்கொண்டிருந்த ஒரு வெள்ளைக்காரர் எங்களைப் பார்த்தார், தூண்டிலைச் சுருட்டிக்கொண்டு தள்ளிப் போய் நின்றார்.

“இன்னும் சத்தமா, முசே. கோயில்ல முனகுற மாதிரி இருக்கு.”

அடுத்த முறை முழுவதும் நானே கொடுத்தேன். அதற்கடுத்ததும். இழுக்கிறவனுக்குக் கேட்டதோ தெரியாது. அவன் சங்கு எங்களுக்குக் கேட்டவரை, அந்தக் கப்பலில் ஆள் இருந்தது.

நேற்று உங்கள் மனைவி கேட்டார், “அங்க போய் என்னதான் பார்த்தாரு?”

“ஒண்டையும் பார்க்கயில்லை அக்கா. பனி.”

 அங்கே நடந்ததைச் சொல்ல எனக்கு வேறு வழி தெரியவில்லை. அந்தச் சமையலறையில் நின்று, கைகளைக் குவித்து, குரல் கொடுத்தேன். ஒரு நீளம், மூன்று குறுக்கம். பக்கத்து வீட்டில் சுவரைத் தட்டினார்கள். அக்கா கண்ணை மூடிக்கொண்டு சொன்னார்:

“இன்னொரு தடவை, முசே.”