இன்ஜின் பார்க்கப் போனவருக்கு

உங்கள் போனின் உறையைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தேன். கறுப்பு ரப்பர் உறை. எத்தனை முறை சவர்க்காரம் போட்டுக் கழுவினாலும், மூக்கருகே கொண்டுபோனால் மீனும் மண்ணெண்ணெயும் கலந்த அந்த மணம் இன்னும் வருகிறது. சத்தம் வரும் சின்ன ஓட்டைகளில் உப்பு வெள்ளையாகப் பூத்திருக்கிறது. சொப்பிங் பேக்கில் சுற்றி, ரப்பர் வளையம் போட்டு, சாரத்து மடிப்பில் செருகிக்கொண்டு நீங்கள் கடலுக்குக் கொண்டுபோன போன். இப்போது அது என் கையில் இருக்கிறது. என்னுடையது தண்ணீர் வாளிக்குள் விழுந்து முடிந்துபோனது. நீங்கள் இருந்திருந்தால் அதைச் சொல்லிச் சொல்லி ஒரு மாதம் சிரித்திருப்பீர்கள்.

சிரிக்கும் முறை இப்போது எனக்கு வந்திருக்கிறது. இத்தனை காலம் கழித்து நீங்கள் என்னிடம் வசமாக மாட்டிக்கொண்டீர்கள். அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன்.

இந்தப் போனுக்குள் விளையாட்டுகள் வந்த காலம் நினைவிருக்கிறதா? சோளகக் காற்று தொடங்கி, கண்டக்குழிக் கடல் நுரைத்துக் கிளம்பி, போட்டுகளையெல்லாம் கரைமேல் இழுத்துப் போட்டிருந்தார்கள். விடுமுறைக்கு வந்த வெள்ளைக்காரர்களுக்கு அந்தக் காற்றுதான் பெருநாள். பட்டத்தைப் பிடித்துக்கொண்டு தண்ணீர்மேல் பறந்து திரிந்தார்கள். உங்களுக்கு வேலையில்லை. குசினி வாசலில் கதிரையைப் போட்டுக்கொண்டு, மீன் ஆணத்துக்குப் புளி எவ்வளவு, வெங்காயத்தை ஏன் இப்படி வெட்டுகிறாய் என்று என் உயிரை எடுத்தீர்கள். பொறுக்க முடியாமல் மகள் சிஹானாதான் உங்கள் போனை வாங்கி நாலு விளையாட்டை இறக்கிக் கொடுத்தாள்.

"வாப்பாக்கு ஒரு வேல குடுத்திட்டன் உம்மா. இனி உங்கட குசினிக்கு வர மாட்டாரு."

உண்மையாகவே வரவில்லை. காரோட்டும் விளையாட்டில் வளைவு வந்தால் கதிரையோடு சேர்ந்து நீங்களும் சாய்ந்தீர்கள். லூடோவில் மற்றப் போட்டுக்காரர்களோடு சண்டை பிடித்தீர்கள். மீன் பிடிக்கும் விளையாட்டுத்தான் உங்களுக்கு ஒத்துவரவில்லை. "இந்தக் காத்துக்கு எந்தப் பாரை மீனாவது இப்பிடிக் கடிக்குமா? இத செஞ்சவன் கடலக் கண்ணால கண்டிருக்க மாட்டான்" என்று போனுக்கே ஏசினீர்கள். நாலாவது அந்தத் தோட்ட விளையாட்டு. கோழிப்படம் போட்டது. அதில் நீங்கள் விழுந்தவர்தான், எழும்பவேயில்லை. வீட்டுக்குப் பின்னால் இருந்த முருங்கைக்கு ஒரு வாளி தண்ணீர் ஊற்றச் சொன்னால் "மழ வரும் புள்ள" என்று சொல்கிற மனிதர், போனுக்குள் சோளம் விதைத்தார், மாட்டில் பால் கறந்தார், கோழிக்குப் பசிக்கிறது என்று சோற்றுக் கோப்பையை வைத்துவிட்டு எழும்பினார்.

அதுகூடப் போகட்டும். சிஹானாவைப் பெண் கேட்டு மாப்பிள்ளை வீட்டார் வந்த அன்று நீங்கள் செய்த காரியத்தை நான் மறக்கவில்லை. முன் அறையில் எல்லோரும் இருக்கிறார்கள். நான் திரைக்குப் பின்னால் தேத்தண்ணித் தட்டோடு நிற்கிறேன். மாப்பிள்ளையின் வாப்பா மரியாதையாகக் கேட்கிறார்: "உங்களுக்கு எத்தின புள்ளைகள்?"

நீங்கள் மடியில் இருந்த போனிலிருந்து தலையை நிமிர்த்தாமல் சொன்னீர்கள்: "எட்டு. ரெண்டு இன்னம் முட்ட இடத் தொடங்கல்ல."

அல்லாஹ்வே! தட்டில் இருந்த கோப்பைகள் எல்லாம் ஒன்றோடொன்று முட்டின. அந்த மனிதர் நல்ல மனிதர், வயிறு குலுங்கச் சிரித்துவிட்டார். கலியாணமும் நடந்தது. ஆனால் அவர்கள் படி இறங்கியதும் நான் போட்ட சத்தம் பள்ளி வரைக்கும் கேட்டிருக்கும். இப்போதே, என் கண்முன்னால், அந்தக் கோழியை அழிக்க வேண்டும் என்றேன். நீங்கள் கோழிப்படத்தின்மேல் விரலை அழுத்தி மேலே இழுத்தீர்கள். படம் மறைந்துபோனது. போனை என் முகத்துக்கு நேரே பிடித்தீர்கள்.

"அழிச்சிட்டன் புள்ள. பாரு, ஒண்டுமில்ல."

நான் நம்பினேன். இருபத்தைந்து வருசமாக உங்களோடு குடும்பம் நடத்தியவள் நம்பினேன்.

அதற்குப் பிறகுதான் உங்களுக்கு இன்ஜின்மேல் திடீர்ப் பாசம் வந்தது. பின்னேரம் அஸர் தொழுததும் கடற்கரை வாடிக்குக் கிளம்பிவிடுவீர்கள். வலையும் சாமான்களும் போட்டுவைக்கும் அந்த ஓலைக் கொட்டிலில் அப்படி என்ன இருக்கிறது என்று கேட்டால், "இன்ஜின் பாக்கப் போறன்" என்பீர்கள். மகள் கலியாணம் முடித்து மாப்பிள்ளையோடு கட்டாருக்குப் போன பிறகு அது ஒவ்வொரு நாள் வேலையாகிவிட்டது. அவ்வளவு பார்த்தும் அந்த இன்ஜின் நடுக்கடலில் நின்று, இன்னொரு போட் உங்களை இழுத்துக்கொண்டு வந்தது. அப்போதாவது எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும்.

பிறகு ஒரு வெள்ளிக்கிழமை, சுபஹு தொழுதுவிட்டு வந்து, நெஞ்சில் கையை வைத்தபடி அதே கதிரையில் இருந்தீர்கள். எழும்பவில்லை. நான் வெளியே இறங்காமல் இத்தா இருந்த காலம் முழுக்க இந்தப் போன் அலுமாரிக்குள் உங்கள் தொப்பியோடு கிடந்தது. எடுத்துப் பார்க்க மனம் வரவில்லை. என் போன் வாளிக்குள் விழுந்திராவிட்டால் இன்னும் அங்கேதான் கிடந்திருக்கும்.

சரி, இப்போது நல்ல செய்திக்கு வருகிறேன். நீங்கள் மூத்தாப்பா ஆகிவிட்டீர்கள். சிஹானாவுக்குப் பெண்பிள்ளை கிடைத்திருக்கிறது. எத்தனை வருசத்து துஆ! மருமகன் பிள்ளையைக் கையில் ஏந்திக் காதில் பாங்கு சொல்லும் வீடியோவை அனுப்பியிருந்தார்கள். இங்கே வந்து சேரவில்லை. சேமிப்பிடம் போதாது என்று போன் சொன்னது. நேரே பேசிப் பார்க்கலாம் என்றால், காற்று நாட்களில் நம் பக்கத்து இணைப்பு உங்களுக்குத் தெரியும்தானே. பிள்ளையின் பாதி முகம் வந்து அப்படியே உறைந்து நிற்கும். வீடியோவுக்குப் பதிலாக வந்த, தாயத்து அளவு மங்கல் படம் ஒன்றை வைத்துக்கொண்டு இரண்டு நாள் பார்த்திருந்தேன்.

விளையாட்டுகளை அழித்தால் இடம் வரும் என்று நினைத்தேன். எப்படி அழிப்பது என்றுதான் நீங்கள் காட்டித் தந்திருக்கிறீர்களே. காரை அழுத்தி மேலே இழுத்தேன், போனது. லூடோவை இழுத்தேன். மீனை இழுத்தேன். மறுபடி வீடியோவைத் தொட்டேன். இடம் போதாது. எனக்கு வந்த கோபத்தில் இந்தப் போனையும் வாளிக்குள் போட்டிருப்பேன்.

மகளிடம் சொன்னேன். அவள் சிரித்தாள்.

"உம்மா, அப்பிடி இழுத்தா வெளிய இரிக்கிற படம் மட்டும்தான் போகும். விளையாட்டு உள்ளுக்கு அப்பிடியே கிடக்கும். செட்டிங்ஸுக்குள்ள போங்க, நான் சொல்லித் தாறன்."

அவள் சொல்லச் சொல்ல உள்ளே போனேன். கார் இருந்தது. லூடோ இருந்தது. மீன் இருந்தது. எல்லாவற்றுக்கும் மேலே, ஆகக் கூடிய இடத்தைப் பிடித்துக்கொண்டு, கோழி இருந்தது.

எனக்கு உங்கள் நண்டு வலை நினைவுக்கு வந்துவிட்டது. களப்பில் வலை போடுகிறவர்கள் எல்லோரும், வலை கிடக்கும் இடம் தெரிவதற்காக முனையில் வெற்றுப் போத்தலைக் கட்டி மிதக்க விடுவார்கள். நீங்கள் மட்டும் கயிற்றைக் குட்டையாகக் கட்டி, மற்றவர் கண்ணில் படாமல் போத்தலைத் தண்ணீருக்குள் அமுக்கி வைப்பீர்கள். பள்ளி மினாராவும் டெலிபோன் டவரும் ஒன்றன் பின்னால் ஒன்று மறையும் இடத்தில் தோணியை நிறுத்திக் கையை விட்டால் போத்தல் கைக்கு வரும். "போத்தல் தெரியாட்டி வல இல்லாமப் போகுமா?" என்று பெருமையாகக் கேட்பீர்கள். அந்த வித்தையை வீட்டுக்குள்ளேயே, என் முகத்துக்கு நேரே செய்திருக்கிறீர்கள்.

மகளிடம் ஒன்றும் சொல்லவில்லை. பேசி முடித்துவிட்டுத் தனியாக அந்தக் கோழியைத் திறந்தேன். நான் முன்பு கண்ட தோட்டமா அது? எட்டுக் கோழி இருந்த இடத்தில் பண்ணை. மாடு, ஆடு, பெரிய களஞ்சியம், வரப்பு வரப்பாகச் சோளம். வாசலில் ஒரு பலகை. அதில் ஆங்கில எழுத்தில் நீங்கள் போட்டிருந்த பெயர்: கோவக்காரி தோட்டம்.

சிரித்தேன். சிரித்துக்கொண்டிருக்கும்போதே சோளத்தைப் பார்த்தேன். எல்லாம் முற்றி மஞ்சளாக நின்றது. அந்த விளையாட்டில் பயிர் வாடுவதில்லை. அறுக்க ஆள் வரும்வரை அப்படியே நிற்குமாம். நீங்கள் கடைசியாக விதைத்துவிட்டுப் போனது இத்தனை காலமாக நின்றிருக்கிறது. அப்போது அழுதேன். சொல்வதற்கென்ன வெட்கம், நன்றாகவே அழுதேன்.

ஆனாலும் பேத்தியைப் பார்க்க இடம் வேண்டும். கார், லூடோ, மீன் மூன்றையும் ஒழுங்காக அகற்றிப் பார்த்தேன். போதவில்லை. மகள் ஏற்கனவே வேறொரு வழி சொல்லியிருந்தாள். சொந்தபந்தமெல்லாம் வெள்ளிக்கு வெள்ளி அனுப்பிய ஜும்ஆ முபாரக் படங்கள் உள்ளே குவிந்து கிடக்கின்றன, அவற்றை அழித்தால் போதும் என்றாள். அந்தப் படங்களில் பூவுக்கு நடுவே குர்ஆன் ஆயத்து இருக்கிறது. அழிக்கிற இடத்திலோ குப்பைத் தொட்டிப் படம் போட்டிருக்கிறார்கள். "அல்லாஹ்ட பேரக் குப்பத் தொட்டில போடச் சொல்றியா?" என்று அவளுக்கு ஏசியிருந்தேன். அதனால் மிஞ்சியது உங்கள் தோட்டம் மட்டும்.

சும்மா அழிக்க மனம் கேட்கவில்லை. விரலால் தடவித் தடவி எல்லாச் சோளத்தையும் அறுத்தேன். கோழிகளுக்குத் தீன் போட்டேன். மாட்டில் பால் கறந்தேன். வீட்டை விட்டு வெளியூர் போகிறவள் கதவு, சன்னல் எல்லாம் சாத்துவதைப்போலப் பார்த்துப் பார்த்துச் செய்துவிட்டு, பிஸ்மி சொல்லி அழித்தேன். வீடியோ வந்தது. பிள்ளை பாங்கைக் கேட்டு நெற்றியைச் சுருக்குகிறாள். நீங்கள் கணக்குப் பார்க்கும்போது சுருக்குவீர்களே, அதே சுருக்கம். இருபது தரமாவது பார்த்திருப்பேன்.

மறுநாள் சிஹானா பேசினாள். குரல் ஒரு மாதிரியாக இருந்தது.

"உம்மா, வாப்பாட போன வேற யாருக்கும் குடுத்தீங்களா?"

"இல்லையே. ஏன் புள்ள?"

பின்னால் பிள்ளை சிணுங்குவது கேட்டது.

"வாப்பாட தோட்டத்துல சோளம் அறுத்திரிக்கி உம்மா."

பிறகு மெல்ல மெல்ல எல்லாவற்றையும் சொன்னாள். அதே விளையாட்டில் அவளுக்கும் ஒரு தோட்டம் இருக்கிறதாம். கட்டாருக்குப் போன நாளிலிருந்து நீங்கள் ஒவ்வொரு நாளும் அஸருக்குப் பிறகு அங்கே போவீர்களாம். அவள் விற்பனைக்கு வைத்திருக்கும் பாலிலோ முட்டையிலோ ஏதாவது ஒன்றை வாங்கிக்கொண்டு வருவீர்களாம். அவள் தனியாக இருந்து அழுத நாட்களில், வாப்பா வந்துபோன அடையாளத்தைப் பார்த்தால் போதுமாம்.

"உம்மாட்ட சொல்லாத, ஏசுவா எண்டு சொன்னாரு. அவரு மௌத்தாப் போன பிறகும் நான் போய்ப் பாப்பன் உம்மா. சோளம் அப்பிடியே முத்தி நிக்கும். அறுக்க ஆளில்லயே எண்டு நினைச்சிட்டுத் திரும்பி வருவன். நேத்துப் போனா நிலம் வெறுமையா இரிக்கி. கோழியெல்லாம் தீன் திண்டிட்டு நிக்கிது."

"நான்தான் புள்ள அறுத்தன்" என்றேன். அழித்தும்விட்டேன் என்பதையும் கடைசியில் சொன்னேன். அவள் அழுதுகொண்டே சிரித்தாள்.

"அது அழியாது உம்மா. வாப்பாட கணக்குல அப்பிடியே இரிக்கும். திரும்ப இறக்கினா வரும்."

"போத்தல் தெரியாட்டி வல இல்லாமப் போகுமா" என்று என் வாயில் தானாக வந்தது. அவளுக்கு விளங்கவில்லை. உங்களுக்கு விளங்கும்.

அன்று பின்னேரம் ஜும்ஆ முபாரக் படங்களைத் திறந்து வைத்துக்கொண்டு நெடுநேரம் இருந்தேன். பள்ளியில் கிழிந்துபோன குர்ஆன் தாள்களை வெள்ளைத் துணியில் பொதிந்து, கல் கட்டி, ஆழக்கடலில் இறக்கிவிட்டு வருவீர்கள். எறியவில்லை, மரியாதையாக அனுப்பி வைத்துவிட்டு வருகிறேன் என்பீர்கள். அதை நினைத்தேன். கைகால் கழுவி ஒளு எடுத்துக்கொண்டு வந்து, ஸலவாத்துச் சொல்லி, ஒவ்வொரு வெள்ளிக்கிழமைப் படமாக அழித்து அனுப்பி வைத்தேன். போனில் இப்போது இன்னும் இரண்டு வருசத்துக்குப் பேத்தியின் வீடியோக்களுக்கு இடம் இருக்கிறது. கோழிக்கும் இருக்கிறது.

உங்கள் போட்டையும் இன்ஜினையும் உங்கள் தம்பிக்குக் கொடுத்தாயிற்று. அவர் அதை முகத்துவாரப் பக்கம் கொண்டுபோய்த் தொழில் செய்கிறார். வாடியில் இப்போது பழைய வலைக் குவியலும் ஒரு வெற்றுப் பீப்பாவும்தான். அந்தப் பீப்பாமேல் இருந்தால் டவர் நேரே தெரியும், இணைப்பும் நன்றாக வருகிறது. எல்லாம் பார்த்துத்தான் இடம் பிடித்திருக்கிறீர்கள். மகளின் தோட்டத்துக்குப் போய், முட்டையோ பாலோ ஒன்று வாங்கிக்கொண்டு, நம்முடையதில் சோளம் விதைத்துவிட்டு, பொழுதுபட்டு மஃரிபு வருமுன் திரும்பிவிடுகிறேன். பலகையில் பெயரை மாற்றவில்லை.

நேற்றும் அஸர் தொழுதுவிட்டுக் கிளம்பினேன். பக்கத்து வீட்டு மச்சி வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்து, "ஒவ்வொரு நாளும் இந்த நேரத்துக்கு எங்க போறீங்க?" என்று கேட்டாள்.

"இன்ஜின் பாக்கப் போறன்" என்றேன்.