ரோமாபுரித் தேர்த்திடலும் மற்றச் சீட்டும்

உன் நினைவு மலர் இன்னும் அச்சு மை மணக்கிறது. நீ செத்த முப்பத்தோராம் நாள் சடங்கில் மண்டப வாசலில் வைத்து, சாப்பாட்டுப் பெட்டியோடு ஆளுக்கொன்று கொடுத்தார்கள். நான் இரண்டு வாங்கி வந்தேன். அட்டையில் நீ கோட்டுப் போட்டுச் சிரிக்கிறாய். உன் சிரிப்பை நான் ஒருநாளும் முழுதாக நம்பியதில்லை. இப்போதும் குசினி மேசையில் வைத்து, படத்தைச் சாய்த்துச் சாய்த்துத்தான் பார்க்கிறேன்.

மற்றவர்களின் மலரில் பதிகங்கள் இருக்கும், குடும்ப மரம் இருக்கும். உன்னுடையதில் பதினாறு பக்கத்துக்கு ரோமாபுரித் தேரோட்டத் திடலின் வரலாறு. செத்தவீட்டு மலரில் குதிரை ஓடுகிற கதை! சனம் புரட்டிப் புரட்டிப் பார்த்தது. "ஆள் என்ன, ரேஸுக்குப் போறவரோ?" என்று பின்வரிசையில் ஒருவர் கேட்டார். நான் திரும்பிப் பார்த்த பார்வையில் அவர் வடையில் கவனமாகிவிட்டார்.

நான் சந்தேகப் பிராணி. பால் பெட்டியில் திகதி போட்டிருந்தாலும் மணந்து பார்த்துத்தான் ஊற்றுவேன். ஒரு டொக்டர் சொன்னதை இன்னொரு டொக்டரிடம் கேட்பேன். "சி.ஐ.டி. அக்கா" என்று எனக்குப் பட்டம் வைத்தவனே நீதான். ஆனால் உன்மேல் எனக்கு வந்த சந்தேகம் பிறவிக்குணம் இல்லை. அதற்கு ஓர் இடமும் நேரமும் உண்டு.

அன்று விமான நிலையத்துக்கு நான் என் தம்பியைக் கூப்பிடத்தான் போனேன். நேசனும் நீயும் ஒரே வகுப்பு, ஒன்றாக ஊரைவிட்டுக் கிளம்பியவர்கள், மூன்று மாதம் ரோமில் ஒன்றாக மாட்டுப்பட்டுக் கிடந்தவர்கள். ஆட்களைக் களவாகக் கனடாவுக்கு ஏற்றுகிற ஏஜென்ட் போனில் "ஆள் வருது" என்று மட்டும் சொன்னான். எந்த ஆள் என்று கேட்காமல் விட்டேனே, அது என் விசர்த்தனம். கதவு திறந்தது. கொழும்பில் நான் நேசனுக்கு வாங்கிக் கொடுத்த மெரூன் சுவெட்டர் வந்தது. முழங்கையில் நான் போட்ட தையல்கூடத் தெரிந்தது. ஓடிப்போய்க் கையைப் பிடித்தேன். நிமிர்ந்து பார்த்தால் நீ.

"அக்கா, நேசன் அடுத்த முறை வருவான்," என்றாய்.

வா என்றுகூட உன்னைச் சொல்லவில்லை. "உந்தச் சுவெட்டர் எப்பிடி உன்னட்ட வந்தது?" என்றுதான் கேட்டேன்.

"அவன்தான் தந்தவன். கனடாவில குளிர், நீ போடடா எண்டு சிரிச்சுக்கொண்டு கழட்டித் தந்தவன்."

நான் நம்பவில்லை. போகவும் உனக்கு இடமில்லை என்பதால், பார்க்டேல் பகுதியில் நானும் என் கணவரும் இருந்த ஒற்றை அறை அப்பார்ட்மென்டுக்குக் கூட்டிக்கொண்டு வந்தேன். சோற்றைப் போட்டுவிட்டு எதிரில் உட்கார்ந்து விசாரணையைத் தொடங்கினேன்.

நீ சொன்ன கதை இது. ரோமில் இரண்டு குன்றுகளுக்கு நடுவே நீளமாக ஒரு புல்வெளிப் பள்ளம். வேலை வெட்டி இல்லாமல் அலைந்த நீங்கள் இருவரும் ஒருநாள் அங்கே போய்ச் சேர்ந்தீர்கள். "டேய், சவாரித் திடல் மாதிரியெல்லோ கிடக்குது!" என்றானாம் நேசன். மாட்டுவண்டிச் சவாரி என்றால் படிப்பையும் விட்டுவிட்டு ஓடுகிற இரண்டு பேருக்கு வேறு என்ன தோன்றும்? அங்கே உண்மையாகவே ஒரு காலத்தில் தேர்கள் ஓடின என்று பிறகுதான் அறிந்தீர்கள். அன்றிலிருந்து தினமும் அங்கேதான் இருப்பு.

பிறகு ஏஜென்ட் ஒரு கனடா பாஸ்போர்ட் கொண்டுவந்தான். ஒன்றுதான். அதிலிருந்த படம் உனக்கும் பொருந்தும், அவனுக்கும் பொருந்தும். யார் போவது? திருவுளச்சீட்டுப் போடுவோம் என்றவன் நேசன். அதை நான் உடனே நம்பினேன். எந்தப் பாடம் எடுப்பது, எந்தச் சைக்கிளை வாங்குவது, எல்லாவற்றுக்கும் இரண்டு துண்டில் எழுதிச் சுருட்டிப் பிள்ளையாருக்கு முன்னால் போட்டு எடுக்கிறவன் அவன். விழுந்தபின் ஒரு வார்த்தை மாற்றிப் பேசமாட்டான். அந்தப் புல்லில் உட்கார்ந்து சீட்டுப் போட்டீர்கள்.

"எனக்கு விழுந்தது, அக்கா," என்றாய். சோற்றைப் பிசைந்துகொண்டே சொன்னாய், என்னைப் பார்க்கவில்லை.

நேசனிடமிருந்து ஒரேயொரு தபாலட்டை வந்தது. அடுத்த ஏற்பாட்டில் வருகிறேன், யோசிக்கவேண்டாம் என்று. பிறகு ஒன்றுமில்லை. ஏஜென்டின் நம்பர் அடித்துக்கொண்டே இருந்தது. லொறியில் மலை தாண்டக் கொண்டுபோனார்கள் என்றார் ஒருவர். கப்பல் என்றார் இன்னொருவர். கண்ணால் கண்டவர் எவருமில்லை.

அதற்குப் பிறகு முப்பத்தாறு வருடமாக உன்னிடம் நான் கேட்டது ஒரே கேள்வி. மற்றச் சீட்டு எங்கே?

சீட்டு இரண்டு. ஒன்றை எடுத்தீர்கள், உன் பெயர் இருந்தது. மற்றதில் நேசனின் பெயர் இருந்ததை யாராவது பிரித்துப் பார்த்தீர்களா? பார்க்டேல் படிக்கட்டில் வைத்துக் கேட்டபோது, "காத்து அள்ளிக்கொண்டு போட்டுது" என்றாய். இரண்டு வருடம் கழித்துப் பனி வழிக்கும்போது திடீரென்று கேட்டேன். "நேசன்தான் கிழிச்சு எறிஞ்சவன்" என்றாய். உன் மகள் ஆரணி பிறந்த அன்று ஆஸ்பத்திரி கண்டீனில் கேட்டேன். "நினைவில்லை, அக்கா, இண்டைக்காவது விடுங்கோ" என்று கைகூப்பினாய். நான் விடுவேனா? ஒவ்வொரு பதிலையும் மனத்தில் போட்டு வைத்திருந்தேன். எதுவும் எதோடும் ஒட்டவில்லை.

இறுக்கிக் கேட்டால் நீ திடலுக்குள் இறங்கி ஓடிவிடுவாய். "அக்கா, அங்க பன்னிரண்டு வாசல். ஆர் எந்த வாசலால வாறதெண்டு அவையும் சீட்டுத்தான் போட்டவை. சுத்துற குடத்துக்குள்ள போட்டு உருட்டி எடுக்கிறது" என்பாய். வெள்ளைத் துணி விழுந்ததும் தேர்கள் பாயும் என்பாய். ஏழு சுற்று; சுற்று எண்ண ஏழு முட்டை உருவம், ஏழு டொல்பின் உருவம். திரும்புகிற முனைக் கம்பத்தில்தான் தேர் நொறுங்கும். பச்சைக் கட்சி, நீலக் கட்சி என்று சனம் அடிபட்டுச் செத்தது. முதலில் மரத்தால் கட்டி, எரிந்து, பிறகு கல்லால் கட்டி, கடைசியில் கல்லையும் ஆட்கள் பெயர்த்துக்கொண்டு போய், இன்று நாய் உலாத்துகிற புல். இதையெல்லாம் நீ சொல்லும்போது என் அடுப்பில் கறி அடிப்பிடித்த நாட்கள் உண்டு. சொன்ன விதத்தில் எனக்கே ஆசை வந்துவிடும், பிறகுதான் ஏமாற்றிவிட்டான் பாவி என்று விளங்கும்.

ஒரு விஷயத்தை மட்டும் நீ கையால் காட்டித்தான் சொல்வாய். தேரோட்டி கடிவாள வார்களை இடுப்பைச் சுற்றிக் கட்டிக்கொள்வானாம். விழுந்தால் குதிரை இழுத்துக்கொண்டே ஓடும். அதனால் ஒரு கத்தி வைத்திருப்பான். "வெட்டினவன் தப்புவான், அக்கா," என்று இடுப்பில் கையை வைப்பாய். அந்தக் கை கொஞ்ச நேரம் அங்கேயே இருக்கும்.

எனக்குப் பிடித்தது வேறு. எதிர்க்கட்சித் தேரோட்டி விழவேண்டுமென்று அவன் பெயரை ஈயத் தகட்டில் கீறி, சாபம் எழுதி, மடித்து மண்ணில் புதைப்பார்களாம். கேட்டதும் அந்தச் சனத்தை எனக்குப் பிடித்துவிட்டது. என்னிடமும் ஈயம் இருந்திருந்தால் உன் பெயரைக் கீறியிருப்பேன். ஒளிப்பதற்கு என்ன இருக்கிறது, அப்படித்தான் இருந்தேன்.

ஆனால் நீ என்னை விட்டு அகலவில்லை. நான் ரூஜ் பக்கம் வீடு மாறியபோது இரண்டு தெரு தள்ளி நீயும் வந்தாய். என் கணவர் செத்தபிறகு என் வாசல் பனியை வழித்தது நீ, ஆஸ்பத்திரிக்கு ஏற்றி இறக்கியது நீ. அதையும் சந்தேகப்பட்டேன். ஒரு குற்றமும் செய்யாத மனிதன் இன்னொருத்தியின் வாசலை இப்படி வழிப்பானா? இரண்டு தரம் தனியாக ரோமுக்குப் போய்வந்தாய். புல்லைப் பார்க்க யாராவது அவ்வளவு தூரம் போவார்களா? "அங்க ஆர் இருக்கினம் உனக்கு?" என்று கேட்டேன்.

"ஒருத்தரும் இல்லை, அக்கா. அதைத்தான் பாத்துக்கொண்டு வாறன்," என்றாய்.

நீ செத்து மூன்றாம் கிழமை ஆரணி, அச்சுப்பிழை பார்க்கச் சொல்லி, மலரின் புரூப் தாள்களைக் கொண்டுவந்தாள். உன் மகள் தமிழ் கதைப்பாள், வாசிக்கமாட்டாள். மலருக்கென்று நீ கையால் எழுதி வைத்திருந்த திடல் வரலாற்றை அப்படியே அச்சகத்தில் கொடுத்திருக்கிறாள்.

"மாமி, அப்பா ஹொஸ்பிட்டல்ல ரெண்டு தரம் சொன்னவர். புரூப் மாமிதான் பாக்கவேணுமாம், வேற ஒருத்தரிட்டயும் குடுக்கவேண்டாமாம். ஹி வாஸ் ஸோ ஸீரியஸ்."

சனிக்கிழமைத் தமிழ் வகுப்பில் இருபது வருடம் படிப்பித்தவள் நான். என்னிடம் தருவதில் புதினமில்லை. ஆனால் ஏன் வேறு ஒருவரிடமும் கொடுக்கக்கூடாது? அந்த இடத்திலேயே எனக்கு உறுத்தத் தொடங்கிவிட்டது. ஆரணி தேத்தண்ணி வைக்க எழும்பினாள். நான் சிவப்புப் பேனையை எடுத்தேன்.

ஒன்பதாம் பக்கம். வாசல்களுக்குச் சீட்டுப் போடுகிற பகுதி. சுற்றுகிற குடத்தைப் பற்றி எழுதிவிட்டு, பந்தி பிரிக்காமல், அதே வரலாற்று நடையில் தொடர்ந்திருந்தாய்:

"வெகு காலத்துக்குப் பின் இதே திடலில் இரண்டு பொடியன்கள் திருவுளச்சீட்டுப் போட்டார்கள். எழுதியவன் இரண்டு சீட்டிலும் தன் பெயரையே எழுதினான். மற்றவன் நம்பி ஒன்றை எடுத்தான். மிஞ்சியதை எழுதியவன் வாயில் போட்டு விழுங்கினான்."

அடுத்த வரியில் மறுபடி தேர்கள்.

எத்தனை தரம் வாசித்தேன் என்று தெரியாது. நான் சொன்னேனே, நான் சொன்னேனே என்று உள்ளே யாரோ கத்துகிறார்கள், கேட்க ஆளில்லை. நீ உயிரோடு இருந்திருந்தால் அன்று உன் வீட்டு வாசலில் வந்து நின்று ரூஜ் முழுக்கக் கேட்கக் கத்தியிருப்பேன். அது தெரிந்துதான் செத்தபிறகு சொன்னாய். கள்ளன்! கத்தியை எடுத்தவன் நீ. இழுபட்டுப் போனவன் என் தம்பி. இடுப்பில் கையை வைத்து வைத்து அதைத்தானே சொன்னாய், எனக்கு விளங்கவில்லை.

ஆரணி தேத்தண்ணியை வைத்தாள். உன் மூக்கு அவளுக்கு. "மிஸ்டேக் கனக்க இருக்கா, மாமி?"

சொல்ல வாயெடுத்தேன். அச்சிலும் வரட்டும், முந்நூறு பேர் கையில் போகட்டும் என்றும் நினைத்தேன். நீயே எழுதிவைத்ததுதானே. ஆனால் அவள் என் பேனையையே பார்த்துக்கொண்டு நின்றாள். அவளுக்கு இருந்தது ஒரு அப்பா. அவள் அந்தத் திடலில் சீட்டு எழுதவில்லை.

"நாலு வரி, பிள்ளை. இதில வரவேண்டியதில்லை," என்று சொல்லி அடித்தேன்.

அச்சகக்காரன் வரிகளை எடுத்தான், இடத்தை மூடவில்லை. ஒன்பதாம் பக்கத்தில் நாலு வரிக்கு வெள்ளையாகக் கிடக்கிறது. மண்டபத்தில் ஒருவர் அதைக் காட்டி, "ரீச்சர், உதில என்னவோ விடுபட்டிருக்கு" என்றார். அச்சுப்பிழை என்றேன். என் வாழ்நாளில் நான் கண்டும் விட்ட ஒரே பிழை.

அந்தப் புரூப் தாள் என் கைப்பையில் இருக்கிறது. உன்னை நான் மன்னித்துவிட்டதாக நினைத்துவிடாதே. இல்லை. உன்னைச் சந்தேகப்பட எனக்கு மட்டும்தான் உரிமை இருந்தது; அதை அந்த முந்நூறு பேருக்குப் பங்கு வைக்க மனம் வரவில்லை, அவ்வளவுதான். இப்போது கேட்கக் கேள்வியும் இல்லை, கேட்க நீயும் இல்லை. காலையில் வாசலில் பனி கிடந்தால் முதலில் உன் பெயர்தான் வாயில் வருகிறது.

நேற்றிரவு முழுக்க உன் பழைய பதில்களை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தேன். காற்று பொய். கிழித்தது பொய். நினைவில்லை என்றது பொய். மாறாமல் நின்றது ஒன்றுதான். விமான நிலையத்திலும், படிக்கட்டிலும், கண்டீனிலும், ஆஸ்பத்திரிக் கட்டிலிலும் நீ ஒரு சொல்லும் மாற்றாமல் சொன்னது அது: நேசன் சிரித்துக்கொண்டு சுவெட்டரைக் கழற்றித் தந்தான். முப்பத்தாறு வருடம் நான் நம்பாமல் இருந்ததும் அதைத்தான்.

இப்போது நம்புகிறேன்.