இரண்டாம் அழுகை

அன்புள்ள வீட்டுக்காரிக்கு,

நீயும் பிள்ளைகளும் சுகந்தானே? உன் அம்மாவின் முழங்கால் எப்படி இருக்கிறது? முதலிலேயே சொல்லிவிடுகிறேன், திட்டாதே. உன் வெள்ளைத் துப்பட்டாவைத் திருடி வந்தது நான்தான். வெளிச்சத்தைக் குறைக்க லைட்டு முன்னால் கட்டினேன், நடுவில் கருகிவிட்டது.

இங்கே படம் சின்னது, டைரக்டரின் வாய் பெரியது. நேற்று துணி வெளுக்கும் ஓர் அம்மாவின் வீட்டில் கேமரா வைத்தோம். செத்துப்போன மகனைப் பற்றிச் சொல்லி நிஜமாகவே அழுதார். அவர் ஓய்ந்ததும் டைரக்டர் கைதட்டினான்.

“சூப்பரும்மா! ஆனா இடது கண்ணுல தண்ணி வரல. முதல்லேருந்து ஒருவாட்டி சொல்லுங்க.”

அந்த அம்மா முகத்தைத் துடைத்துக்கொண்டு மறுபடி அழத் தயாராக உட்கார்ந்ததைத்தான் என்னால் பார்க்கவே முடியவில்லை.

“பேட்டரி போச்சு தம்பி,” என்றேன்.

“இப்பத்தானேண்ணே மாத்துனீங்க?”

“அதுக்கே பொறுக்கல போல.”

எடுத்திருந்த பதிவை அவன் கையில் கொடுத்துவிட்டு, என் கேமராவைக் கழற்றிப் பையில் போட்டு, இந்தப் படம் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். வேறு கேமரா இல்லாததால் இரண்டாம் அழுகை இல்லை. எனக்கும் வேலை இல்லை. கவலைப்படாதே, எவனாவது கூப்பிடுவான். அதுவரை அறைச் சுவரோடு பேசிக்கொண்டிருக்கிறேன், உன்னைப்போல அது குறுக்கே பேசுவதில்லை.

முதுகுவலித் தைலம் அனுப்பு. அப்படியே போனில் கொஞ்சம் பேசிப் பதிவுசெய்தும் அனுப்பு, திட்டாக இருந்தாலும் பரவாயில்லை. தபால் பெட்டியைத் திறக்கும் நேரமாகிவிட்டது, ஓடுகிறேன்.

உன் வீட்டுக்காரன்

பின்குறிப்பு: அந்த அம்மா வீட்டிலிருந்து வெளியேற, பையோடு நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நான் திறந்தது குளியலறைக் கதவு.