பொன்னுத்தாய் துலக்கிய எண்

அனுப்புநர்
மு. அங்கமுத்து,
(ஓய்வு பெற்ற மின்பணியாளர்)
பள்ளிக்கூடத் தெரு,
ரெட்டிபாளையம்,
அரியலூர் மாவட்டம்.

பெறுநர்
உயர்திரு அலுவலர் அவர்கள்,
மோட்டார் வாகனப் பதிவுப் பிரிவு,
போக்குவரத்துத் துறை.

பொருள்: காரின் பதிவைப் புதுப்பிப்பதற்கான ஆய்வு – சேஸிஸ் நம்பர் "வேண்டுமென்றே அழிக்கப்பட்டுள்ளது" என்று அறிக்கையில் எழுதப்பட்டது – அது என் மனைவி செய்த பூசையால் தேய்ந்தது – அக்குறிப்பைத் திருத்தித் தரக் கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா, தங்களுக்கு என் வணக்கம். கீழ்க்கண்டவற்றைப் பொறுமையுடன் படித்துப் பார்க்க வேண்டுகிறேன்.

1. நான் சிமெண்ட் ஆலையொன்றில் வேலை பார்த்தவன். பணியில் இருந்தபோது புதிதாக வாங்கிய சிறிய வெள்ளைக் கார் என் பெயரில் உள்ளது. பதினைந்து ஆண்டுப் பதிவுக்காலம் முடிய இருந்ததால், விதிப்படி புதுப்பிக்க விண்ணப்பித்து, வண்டியை ஆய்வுக்குக் கொண்டு வந்தேன். காப்பீடு, புகைச் சான்று எல்லாம் நடப்பில் இருந்தன. விளக்கு, ஹாரன், பிரேக் ஆகியவற்றில் ஆய்வாளர் எந்தக் குறையும் சொல்லவில்லை.

2. பிறகு பானட்டைத் திறந்து, வண்டியின் உடற்சட்டத்தில் பொறித்திருக்கும் சேஸிஸ் நம்பரைப் பார்த்தார். அந்த எண்ணின் மீது காகிதத்தை வைத்துப் பென்சிலால் தேய்த்து எடுப்பது வழக்கம் என்பது தாங்கள் அறிந்ததே. எங்கள் வண்டியில் முதல் சில எழுத்துகளும் கடைசி இரண்டு எண்களும் மட்டுமே பதிந்தன. நடுப்பகுதி துருவேறி, மழமழவென்று தேய்ந்து கிடந்தது.

3. அது எப்படித் தேய்ந்தது என்பதைச் சொல்ல வேண்டியது என் கடமை. வண்டி எடுத்த அன்று கடைப் பணியாளர் பானட்டைத் திறந்து என் மனைவி பொன்னுத்தாயிடம் அந்த எண்ணைக் காட்டி, "நம்பர் பிளேட்டைக்கூட மாத்திடலாம்மா, இதை மாத்த முடியாது. வண்டிக்கு இதுதான் உயிர்" என்றார். அவர் பேச்சுவாக்கில் சொன்னதை என் மனைவி அப்படியே மனதில் வாங்கிக்கொண்டார். வண்டியின் உயிர் அங்கேதான் இருக்கிறது என்றால் பொட்டு வைக்க வேண்டிய இடமும் அதுதானே என்பது அவர் கணக்கு.

4. அன்று நேராகச் சிறுவாச்சூர் காளி கோயிலுக்குப் போய்ப் பூசை போட்டோம். எல்லோரும் சக்கரத்துக்கு எலுமிச்சம்பழம் வைத்தார்கள். என் மனைவி பானட்டைத் திறக்கச் சொன்னார். அன்று தொடங்கி வெள்ளிக்கிழமைதோறும் குத்துவிளக்கைத் துலக்குவதுபோல அரை எலுமிச்சையில் உப்பைத் தொட்டு அந்த எண்ணைத் துலக்கி, மஞ்சள் பூசி, குங்குமம் வைப்பார். எங்கள் சாலையில் சுண்ணாம்புக்கல் லாரிகள் எப்படி ஓடுகின்றன என்பதைத் தாங்கள் கண்டிருப்பீர்கள். நான் அந்தச் சாலையில் போய்த் திரும்ப வேண்டுமே என்று செய்தார். நானும் ஒரு கீறல் இல்லாமல் திரும்பி வந்துகொண்டுதான் இருந்தேன். எலுமிச்சையும் உப்பும் இரும்பை அரிக்கும் என்று எங்கள் இருவருக்கும் தோன்றவே இல்லை.

5. ஆய்வன்று என் மனைவியும் உடன் இருந்தார். அவருக்குச் சிறுநீரகம் பழுதாகி, அரியலூரில் ரத்தச் சுத்திகரிப்பு நடந்துகொண்டிருந்தது. ஆய்வு முடிந்ததும் அங்கே போவதாக இருந்தோம். "வேலை தெரிஞ்சவன் எவனோ அழிச்சிருக்கான்யா" என்று ஆய்வாளர் சொன்னதும், என் மனைவி காரிலிருந்து இறங்கி வந்து, "நான்தாங்க சார் துலக்குனேன். வெள்ளிக்கெழமை வெள்ளிக்கெழமை எலுமிச்சம்பழம் போட்டுத் துலக்குவேன்" என்றார். வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். ஆய்வாளரும் சிரித்தார். சிரித்துவிட்டு "வேண்டுமென்றே அழிக்கப்பட்டுள்ளது, திருட்டு வாகனமா என விசாரிக்கவும்" என்று எழுதினார். "எண் படிக்கும் நிலையில் இல்லை" என்று எழுதியிருந்தால் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. அது உண்மை.

6. அன்றைக்குப் பிறகு என் மனைவி அந்த வண்டியில் ஏறவில்லை. பதிவு முடிய இன்னும் நாள் இருக்கிறது, ஓட்டலாம் என்று எவ்வளவோ சொன்னேன். "களவாணி வண்டின்னு எழுதிட்டாங்க. அதுல என்னைக் கூட்டிட்டுப் போனா வழியில உங்களப் புடிச்சுக்குவாங்க. வேணாங்க" என்று மறுத்துவிட்டார். பஸ்ஸில் போனோம். சுத்திகரிப்பு முடிந்து திரும்பும்போது அவரால் நிற்க முடியாது. இடம் கிடைத்த நாளும் உண்டு, கிடைக்காத நாளும் உண்டு. பெரம்பலூரில் இருக்கும் எங்கள் மகள் பிரவீணா வாடகைக் கார் பிடித்து அனுப்பியதையும் வாசலோடு திருப்பி அனுப்பிவிட்டார். என் வண்டியைத் தான் கெடுத்துவிட்டு இன்னொருவர் வண்டியில் சொகுசாகப் போவதா என்று கேட்டார்.

7. விசாரணைக்கு வந்த ஏட்டு முத்துவேல் மரியாதையாகவே நடந்துகொண்டார். வாங்கிய ரசீதையும் எஞ்சின் நம்பரையும் ஒப்பிட்டுப் பார்த்து, "இதுல திருட்டு ஒண்ணும் இல்லைங்க. ஆனா அவங்க எழுதுனத அவங்கதான் மாத்தணும்" என்றார். அவரைக் கண்டதும் உள்ளறைக்குள் போய்த் தாழிட்டுக்கொண்ட என் மனைவி, அவர் போன பிறகும் வெகுநேரம் கதவைத் திறக்கவில்லை. "என் கையாலயே வண்டியோட கண்ணக் குத்திட்டேங்க" என்று அழுதார். அதன்பின் ஆஸ்பத்திரிக்குப் போவதையும் தள்ளிப்போடத் தொடங்கினார். நான் கெஞ்சியும் பார்த்தேன், கோபித்தும் பார்த்தேன். சென்ற மாதம் காலமாகிவிட்டார். கடைசியாக நினைவு இருந்தபோதுகூட, "ஆபீஸ்ல மாத்திட்டாங்களா?" என்றுதான் கேட்டார். மாற்றிவிட்டார்கள் என்று பொய் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. பார்க்கிறேன் என்றேன்.

8. அவர் இறந்ததற்கு ஆய்வாளரைக் குற்றம் சொல்லி நான் இம்மனுவை எழுதவில்லை. நோய் அவரை முன்பே பிடித்துவிட்டது. ஆனால் எலுமிச்சம்பழத்தோடு நின்ற ஒரு பெண்ணைக் கள்வருக்குத் துணைபோனவர்போல ஒரு வரி காட்டுகிறது. அதை என்னால் தாங்க முடியவில்லை ஐயா. எஞ்சின் நம்பர் ஓர் எழுத்துக்கூட மறையாமல் இருக்கிறது. தயாரிப்பாளர் அடித்த தகட்டில் சேஸிஸ் நம்பர் முழுமையாக இருக்கிறது. திருடுகிறவர் ஓரிடத்தில் மட்டும் அழித்து, மற்ற இடத்தில் விட்டுவைத்து, அழித்த இடத்தில் குங்குமமும் வைப்பாரா என்பதைத் தங்கள் யோசனைக்கே விடுகிறேன்.

9. பதிவைப் புதுப்பித்துத் தருமாறு நான் இப்போது கேட்கவில்லை. எண்ணைப் புதிதாகப் பொறித்துக்கொள்ள வழி இருப்பதாகச் சொன்னார்கள், அதுவும் வேண்டாம். நான் போக வேண்டிய இடம் இனி ஒன்றும் இல்லை. வண்டியை விதிப்படி ஒப்படைத்து உடைக்கக் கொடுத்துவிடச் சம்மதிக்கிறேன். அதற்கு முன் தாங்களோ, தாங்கள் அனுப்பும் வேறோர் அலுவலரோ அதை நேரில் பார்க்க வேண்டும். அறிக்கையிலுள்ள அந்த வரியை அடித்துவிட்டு, பூசைப் பொருள்களால் அரிக்கப்பட்டது என்றும், இதில் குற்ற நோக்கம் இல்லை என்றும் எழுதித் தர வேண்டும். ரசீது, எஞ்சின் நம்பரின் படம், ஏட்டு அளித்த விசாரணைக் குறிப்பு ஆகியவற்றின் நகல்களை இத்துடன் இணைத்துள்ளேன்.

10. தங்கள் பதிலை என் பெயருக்கு அனுப்ப வேண்டாம். "திருமதி அ. பொன்னுத்தாய்" என்று முகவரி எழுதி அனுப்பும்படி பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். முகவரிதாரர் இல்லை என்று தபால் திரும்பிவிடாது. நான் வீட்டிலேயே இருக்கிறேன். கையெழுத்துப் போட்டு வாங்கி, அவர் படத்தின் முன் உட்கார்ந்து படித்துக் காட்டிவிடுவேன்.

இடம்: ரெட்டிபாளையம்
நாள்: 17.11.2025

தங்கள் தயவை எதிர்பார்த்திருக்கும்,
மு. அங்கமுத்து
(பொன்னுத்தாயின் கணவர்)